ஆர்.எஃப். 318 என்கிற காட்டேரி

அத்தான் அந்த மருந்துக்குப் பெயர் வைப்பதற்கு முன்னால், அதைத் தட்டில் வைத்துக் கொண்டுவந்த ஆளை ஓங்கி ஓர் அறை விட்டார்.

அத்தான் என் அக்காவின் கணவர். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து தியாகராய நகரில் ஜவுளிக்கடை வைத்தவர். அறை விழுந்த இடம் ஆழ்வார்பேட்டையில் ஒரு சிறிய நர்சிங் ஹோம். வாங்கியவர் அங்கிருந்த கம்பவுண்டர். எழுபதுகளின் தொடக்கம், ஆடி மாதம். ஆடித் தள்ளுபடிக் கூட்டத்தை விட்டுவிட்டு வந்த எரிச்சலும் அந்த அறையில் கொஞ்சம் கலந்திருக்கும்.

தட்டில் ஒரு குப்பி. அத்தான் அதை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஆர்.எஃப். 318 என்று மட்டும் ஒட்டியிருந்தது.

"பேரு எங்க?"

"அதான் பேரு, மொதலாளி."

"இது நம்பருல்லா. பேரக் கேட்டா நம்பரச் சொல்லுதீரு."

"பேரு இன்னாவா இருந்தா இன்னா, நைனா? ஊசி குத்துனா எல்லாம் ஒண்ணுதான். சும்மா பேசிக்கினு இருக்காம கையக் குடு."

'நைனா'வுக்கும் 'கையக் குடு'வுக்கும் நடுவில் எங்கேயோ கை எழும்பிவிட்டது. கம்பவுண்டர் சுவரில் மோதினார். தட்டு கட்டிலுக்கு அடியில் போய் மணி அடித்தது. குப்பி மட்டும் காற்றில் சுழன்று என் மடியில் வந்து விழுந்தது. கிரிக்கெட் பித்துப் பிடித்த ஊரில் பிறந்து வளர்ந்த நான் என் வாழ்நாளில் பிடித்த ஒரே கேட்ச் அதுதான். யாரும் கை தட்டவில்லை.

அத்தானுக்குக் கோபம் வந்து அடிக்கிறார் என்று சொல்வது தவறு. மற்றவர்கள் தொண்டையைச் செருமிக்கொண்டு பேச ஆரம்பிப்பார்கள். அவர் அடித்துவிட்டு ஆரம்பிப்பார். அரசாங்கம் மீட்டருக்கு மாறிப் பல வருஷம் ஆகியும் கடையில் பழைய இரும்புக் கஜக்கோல் ஒன்று இருந்தது. துணி அளப்பதற்கு அது செல்லாது என்பதால் முழுநேரமும் அடிப்பதற்கே கிடைத்தது. கடையின் மூத்த விற்பனையாளர், கம்பவுண்டரைப் போல அவரும் பட்டணத்துக்காரர், வலது தோள்பட்டையைச் சற்று ஏற்றிக்கொண்டேதான் நடப்பார். கோல் எந்தப் பக்கத்திலிருந்து வரும் என்ற அனுபவம். நானோ மயிலாப்பூரில் ஒரு டுட்டோரியலில் ஆங்கிலம் போதித்துக்கொண்டு, அக்கா வீட்டு மாடி அறையில் தங்கி, அத்தான் சோற்றைச் சாப்பிட்டுக்கொண்டிருந்தவன். சொந்தக்காரன் என்பதால் என்னைக் கோலால் அடிக்க மாட்டார். கையில் கிடைத்ததை எறிவார்.

அப்படிப்பட்டவருடைய கழுத்தில் இருந்த கட்டியை முதலில் கண்டுபிடித்தவர் முகம் மழிக்க வந்த நாவிதர். சொன்னதற்கு அவருக்கும் ஒன்று விழுந்தது. அந்தக் காலத்தில் எங்கள் ஊரில் அந்த நோயின் பெயரை யாரும் சொல்ல மாட்டார்கள். அதற்கான ஆஸ்பத்திரி இருந்த இடத்தை வைத்து, "அடையாறுக்குப் போறாங்களாம்" என்பார்கள். அதில் எல்லாம் அடங்கிவிடும். அடையாற்றில் வீடு இருந்த பாவத்துக்காகவே என் சக ஆசிரியர் ஒருவர் தினமும் பஸ்ஸில் அனுதாபம் சம்பாதித்துக்கொண்டிருந்தார். அத்தான் ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார்: "அடையாறு போனா தீவாளிக்கு ஒருத்தன் நம்ம கடை படி ஏற மாட்டான்." அதனால்தான் ஆழ்வார்பேட்டை. வெளிநாட்டில் படித்துவிட்டு வந்த இளம் டாக்டர் ஒருவர் அங்கே தமக்குத் தெரிந்தவர்கள் மூலமாக ஒரு புது மருந்தைத் தருவித்துக் கொடுத்துவந்தார். இன்னும் சோதனையில் இருக்கிற மருந்து. மூன்று வாரத்துக்கு ஒன்றாக ஆறு ஊசி. டாக்டர் அக்காவிடமும் என்னிடமும் பூசி மெழுகாமல் சொன்னார்: "ஆறும் போட்டா பிழைக்கலாம். பாதியில விட்டா கட்டி திரும்ப வரும், முன்னைவிட வேகமா வரும். அதுக்கப்புறம் என்கிட்ட ஒண்ணும் இல்லை."

அக்கா அதைக் கேட்டுத் தலையை ஆட்டினாள். ஆறு என்ற எண்ணைத் தவிர வேறெதுவும் அவள் காதில் ஏறியதாகத் தெரியவில்லை.

பெயர் விஷயத்தில் அத்தான் ஏன் அடிதடி வரைக்கும் போனார் என்பதைச் சொல்ல வேண்டும். தீபாவளிக்கு முன்னால் மில்லிலிருந்து சேலைகள் வரும்போது டிசைன் நம்பர் போட்டுத்தான் வரும். அதற்குப் பெயர் வைப்பது கடைக்காரரின் வேலை. மற்றக் கடைகளில் அந்த வருஷம் ஓடிய படத்தின் பெயரை வைத்துவிடுவார்கள். அத்தானுக்கு அது கேவலம். வெள்ளை விரிப்பில் சேலையைப் பரத்திப் போட்டு, ஜன்னல் பக்கம் கொண்டுபோய், முந்தானையைச் சுருட்டி, கசக்கி, முகர்ந்துகூடப் பார்த்துவிட்டுத்தான் பெயர் சொல்வார். 'கோபக்காரி', 'மின்சார ரயில்', 'மாமியார் மெச்சல்' எல்லாம் அவர் பெற்ற பிள்ளைகள். "நம்பருக்கு எவளும் கை நீட்ட மாட்டா, மாப்ள. பேருக்குத்தான் கை நீளும்" என்பார். சரக்குத் தீர்ந்துவிட்டால் அந்தப் பெயரை இன்னொரு சேலைக்கு வைக்கவும் மாட்டார். ஒரு கடை வைத்த பெயரைப் பக்கத்துக் கடை எடுக்காது என்பதும் அந்தத் தெருவில் எழுதாத சட்டம்.

இந்த மனிதரிடம் நம்பரைக் கொண்டுவந்து ஏற்றப் பார்த்தால் சும்மா விடுவாரா?

படித்தவன் என்ற முறையில் நான் தலையிட்டேன். நூலகத்தில் ஒரு நாள் முழுதும் உட்கார்ந்து, ஆர்.எஃப். என்பதற்கு லத்தீனில் மூலம் கண்டுபிடித்து, சிவப்பு, எரிதல், வேர் என்றெல்லாம் அத்தானுக்குப் பாடம் நடத்தினேன். அவர் பொறுமையாகக் கேட்டார். பிறகு டாக்டரிடம் கேட்டபோது டாக்டர் சிரித்துவிட்டார்: "கம்பெனியில அந்த பீரோவோட பேரு சார். 318ன்னா அதுல முந்நூத்திப் பதினெட்டாவதா வச்ச குப்பி."

அத்தான் யோசித்தார். "அப்ப இதுக்கு முந்தி உள்ள முந்நூத்திச் சொச்சமும்?"

"பிரயோஜனப்படல."

"ரிட்டர்ன் சரக்கு" என்றார் அத்தான். என்னைப் பார்த்து, "வேராம், எரிதலாம்" என்றார். டாக்டர் மேஜைமேல் இருந்த காகித எடைக்கல் என் காதோரமாகப் போய் அலமாரிக் கண்ணாடியைப் பிளந்தது.

கண்ணாடித் துண்டுகளை ஆயா பெருக்கிக்கொண்டிருக்கும்போதே டாக்டர் மருந்து என்ன செய்யும் என்று விளக்கினார். வேகமாக வளர்கிற எதையும் அடிக்கும். நல்லது கெட்டது பார்க்காது. கட்டியையும் அடிக்கும், முடியையும் அடிக்கும், குடலையும் அடிக்கும். ரத்தம் குறைந்துபோகும். காயம் பட்டால் ரத்தம் நிற்காது. அதனால் சண்டை சச்சரவு கூடாது.

அத்தான் குப்பியை ஜன்னலுக்குக் கொண்டுபோனார். வெயிலில் பிடித்தார். மருந்து நல்ல சிவப்பு. குங்குமம் அல்ல, அரக்கும் அல்ல, இரண்டுக்கும் நடுவில். புதுச் சேலையைப் பார்க்கிற அதே பார்வை.

"காட்டேரி" என்றார். கையை நீட்டினார். "போடுங்க."

பெயர் வைத்த கெட்டிக்காரரைக் காட்டேரி விட்டுவைக்கவில்லை. முதல் ஊசி போட்ட அன்று மாலையே பாத்ரூமிலிருந்து என்னைக் கூப்பிட்டார். சிறுநீர் செக்கச்செவேல் என்று போயிருந்தது. "மாப்ள, சாயம் போவுது பாத்தியா?" என்றார். அதுதான் கடைசி நகைச்சுவை. பிறகு வாந்தி எடுத்தார். வாந்தி என்ற சாதுவான சொல் அதற்குப் பொருந்தாது. யாரோ உள்ளே நின்று அவரை எட்டி எட்டி உதைப்பதைப் போல உடம்பு கட்டிலைவிட்டு எழும்பி விழுந்தது. இரண்டாவது ஊசியில் மருந்து நரம்பைத் தாண்டிக் கசிந்து, முழங்கைக்குக் கீழே தோல் வெந்து, கறுத்து, உரிந்தது. அந்தக் கையைப் பிடித்துக்கொண்டிருந்த அக்காவின் மணிக்கட்டை மற்றக் கையால் முறுக்கினார். வளையல்கள் உடைந்து அவளுக்கும் ரத்தம். அவள் கையை எடுக்கவில்லை. "இன்னும் நாலு" என்று மட்டும் சொன்னாள்.

இதற்கிடையில் அந்தச் சொல் எங்கள் வீட்டில் குடியேறிவிட்டது. ஊசி போடும் நாள் காட்டேரி நாள். அதற்கு மறுநாள் வைக்கிற மிளகு போடாத ரசம் காட்டேரி ரசம். "காட்டேரி எறங்கிட்டா?" என்றால் ஜுரம் விட்டதா என்று பொருள். கடையில் முதலாளி எங்கே என்று கேட்டால், "காட்டேரிக்குப் போயிருக்காரு" என்பார்கள். வந்தவர் ஏதோ குலதெய்வத்துக்கு நேர்த்திக்கடன் என்று நினைத்துக்கொண்டு போவார். நான்கூட டுட்டோரியலில் தாமதமாகப் போன ஒரு நாள் முதல்வரிடம், "காட்டேரி, சார்" என்று சொல்லித் தப்பியிருக்கிறேன். ஆழ்வார்பேட்டையில் அடி வாங்கிய கம்பவுண்டரும் அதையே சொல்ல ஆரம்பித்தார். பக்கத்துக் கட்டில்காரர்களுக்கும் அது பரவியது. கடைசியில் டாக்டரே ஒரு நாள் நர்ஸிடம், "இவருக்குக் காட்டேரி எடுத்துட்டு வாங்க" என்றார். நம்பரை எல்லோரும் மறந்துபோனோம்.

மூன்றாவது ஊசிக்குப் பிறகு கட்டி பாதியாக வற்றிவிட்டது. ஆனால் முடி போயிற்று. தலைமுடி போனதைக்கூட மொட்டை என்று சமாளித்தார். ஒரு காலை, மீசையைத் தடவின விரலோடு மீசை வந்துவிட்டது. கண்ணாடியைப் பார்த்தார். ஓங்கிக் குத்தினார். கண்ணாடி நொறுங்கியது, முட்டியிலிருந்து கசிந்த ரத்தம் மத்தியானம்வரை நிற்கவில்லை.

"இனி வர மாட்டேன். செத்தாலும் மீசையோட சாவேன்" என்றார்.

அக்கா கெஞ்சினாள். திட்டினாள். பிறகு சமையலறையிலிருந்து இட்லிப் பானையைத் தூக்கிக்கொண்டு வந்து அவர் கட்டிலின் தலைமாட்டில் அறைந்தாள். பானை நெளிந்தது. "தாலியறுத்துக் கெடக்கணும்னு எனக்கு எழுதியிருந்தா நான் இருந்துட்டுப் போறேன். நீங்களா எழுதாதீங்க" என்றாள். அத்தான் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

என்னைத் தூது அனுப்பினாள். தத்துவ நூல்களில் மீசை பற்றி ஒன்றும் இல்லாததால், உடல் நிலையற்றது, முடி அதனினும் நிலையற்றது என்று ஆரம்பித்தேன். பித்தளைச் செம்பு என் நெற்றியில் பட்டது. நிலையாமை பற்றி அன்று நான் படித்துத் தெரிந்துகொண்டதைவிட அதிகமாகவே தெரிந்துகொண்டேன்.

நாலாவது ஊசிக்கான நாள் வந்தது, போனது. அதற்கு அடுத்த வாரமும் போனது. தீபாவளி நெருங்கிவிட்டது. அத்தான் இருட்டறையில் கிடந்தார். கழுத்தைத் தொட்டுப் பார்க்க யாரையும் விடவில்லை.

அப்போதுதான் கடையில் அந்தக் காரியம் நடந்தது. மில்லிலிருந்து கடைசி பேல் மூட்டை வந்திறங்கியிருந்தது. சிவப்புச் சேலை, நம்பர் மட்டும். பெயர் வைக்க முதலாளி இல்லை. மூத்த விற்பனையாளர் அதைப் பிரித்துப் போட்டிருக்கிறார். ஒரு மாமி முந்தானையைப் பிடித்துப் பார்த்து, "இதுக்குப் பேர் என்ன?" என்று கேட்டிருக்கிறாள். அந்தக் கடையில் பெயர் கேட்டுத்தான் வாங்குவார்கள். அவருக்கு வாயில் தினமும் புழங்குகிற ஒரே சொல் வந்துவிட்டது. மாமி அதிர்ந்துபோனாளாம். பிறகு இரண்டு எடுத்துக்கொண்டாளாம். வார முடிவில் மயிலாப்பூரிலிருந்து கூட்டமாக வந்து, "காட்டேரி இருக்கோன்னோ? எங்காத்துல நாத்தனாருக்கும் வேணும்" என்று கேட்க ஆரம்பித்துவிட்டார்கள்.

விற்பனையாளர் நேரில் வந்து சொன்னார், வாசற்படிக்கு வெளியே நின்றுகொண்டு. "தப்பா எடுத்துக்காத மொதலாளி. வாயில வந்துச்சு, சொல்லிட்டேன். இப்ப அதான் ஓடிக்கினு கீது."

நான் கையில் இருந்த டம்ளரை முன்னெச்சரிக்கையாக அகற்றினேன். அத்தான் எதையும் எறியவில்லை. எழுந்து உட்கார்ந்தார். "முந்தானையில என்ன பூவு?" என்று கேட்டார். "பூ இல்ல. கட்டம்." தலையை ஆட்டினார். "பொருந்தும்" என்றார். ஒரு மாதத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் இரண்டு கவளம் சாப்பிட்டார்.

ஆனால் விற்பனையாளர் பாதிதான் சொல்லியிருந்தார். மீதியை மறுநாள் நான் உளறினேன். பக்கத்துக் கடையிலும் 'காட்டேரி சேலை இங்கே கிடைக்கும்' என்று அட்டை தொங்குகிறது. வேறு ஏதோ சேலை, சாயம்கூட வேறு.

தலையில் ஒரு துண்டைக் கட்டிக்கொண்டு அத்தான் புறப்பட்டார். வழியில் எங்கள் கடையில் புகுந்து கஜக்கோலை எடுத்துக்கொண்டார். தீபாவளிக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை, தெருவில் கால் வைக்க இடமில்லை. அவர் நடந்த பாதையில் மட்டும் இடம் பிறந்தது. முதல் வீச்சில் பக்கத்துக் கடை வாசலில் நின்ற பொம்மையின் தலை சாலையில் உருண்டது. குழந்தைகள் அலறின. இரண்டாவது வீச்சில் கண்ணாடிப் பெட்டி. உள்ளே இருந்த ஆட்கள் பாய்ந்து வந்தார்கள். எங்கள் ஆட்களும் வந்தார்கள். யாரோ பெட்டிக்கடையிலிருந்து சோடா பாட்டில்களை எடுத்து வீச, அவை பேல்களின்மேல் வெடித்தன. நான் சமாதானம் பேசத்தான் போனேன். என் மூக்குக்கண்ணாடி போனது. கூடவே முன்பல்லில் பாதி.

பக்கத்துக் கடைக்காரரும் அத்தானின் ஊர்ப் பக்கத்து ஆள்தான். அத்தானின் துண்டைப் பிடித்து இழுத்தார். மொட்டைத் தலையும் மீசையில்லாத முகமும் தெருவுக்கே தெரிந்தன.

"ஊசிக்குப் பயந்து பாதியில ஓடி வந்த ஆளுதானவே நீரு?" என்றார் அவர், எல்லோருக்கும் கேட்கும்படி. "தெருவுக்கே தெரியும். முடிக்காதவன் வச்ச பேரு ஊருக்குப் பொது. போம், அண்ணாச்சி, போயிப் படும்."

அத்தானுக்குக் கோலைத் தூக்கத் தெம்பில்லை. எதிராளியின் முன்கையைப் பிடித்துக் கடித்தார். நாலு பேர் சேர்ந்து இழுத்தும் விடவில்லை. கடைக்காரரின் அலறல் பனகல் பூங்கா வரைக்கும் கேட்டிருக்கும். பிரித்து விட்டபோது இருவர் சட்டையிலும் ரத்தம். அத்தானின் மூக்கிலிருந்து அவருடைய சொந்த ரத்தமும் கொட்டிக்கொண்டிருந்தது.

காவல் நிலையத்தில் விஷயத்தைக் கேட்ட இன்ஸ்பெக்டருக்குத் தலை சுற்றியது. "காட்டேரி யாரோடது?" என்று கேட்டார். "என்னுது" என்றார் அத்தான், மூக்கைத் துணியால் பொத்திக்கொண்டு. "பாதிதான் ஆச்சு. மீதியையும் முடிச்சுட்டு வாரேன். அதுவரைக்கும் அந்த அட்டைய அவுக்கச் சொல்லுங்க." இன்ஸ்பெக்டர் சற்றுத் தயங்கிவிட்டு, தம் வீட்டம்மாளும் அதில் ஒன்று கேட்கிறாள் என்றார். அட்டை அன்று மாலையே இறங்கியது.

மூக்கு ரத்தம் நிற்க மறுநாள் ஆனது. அக்கா கிழிந்த சேலைத் துணியாக அடைத்துக்கொண்டே இருந்தாள். டாக்டர் வந்து பார்த்து, "இந்த ரத்தத்தோட சண்டைக்குப் போனீங்களா? ஒரு நல்ல குத்து விழுந்திருந்தா நான் இங்க வரவே வேண்டியிருந்திருக்காது" என்று கத்தினார். அத்தான், "குத்து அவனுக்குல்லா விழுந்துது. அடுத்தது என்னைக்குப் போடுவீங்க?" என்றார்.

ரத்தம் ஊறியதும் ஆழ்வார்பேட்டைக்குப் போனோம். வாசலிலேயே கம்பவுண்டர். "இன்னா மொதலாளி, காட்டேரி கூப்ட்டுச்சா? எங்கூட்டுக்காரியும் அந்தப் பொடவையக் கேட்டுக்கினே கீறா" என்றார், அறைக்கு எட்டாத தூரத்தில் நின்று. அத்தான் கக்கத்திலிருந்த பொட்டலத்தை எடுத்து அவர் முகத்தில் எறிந்தார். மடித்துக் கட்டிய சேலை நல்ல கனம், மனிதர் தள்ளாடிப்போனார். உள்ளே இருந்தது கட்டம் போட்ட முந்தானை. மன்னிப்பு என்ற வகையில் அத்தானிடமிருந்து வெளிவந்தது, எனக்குத் தெரிந்து, அது ஒன்றுதான்.

மிச்சத்தையும் போட்டுக்கொண்டார். முன்னைவிட மோசமாகவே இருந்தது. அக்கா எண்ணி முடித்தாள். கட்டி கரைந்தது, திரும்ப வரவில்லை. மீசை வந்தது, நரைத்து.

ஒரு வருஷம் கழித்துப் பரிசோதனைக்குப் போனபோது, அந்த மருந்துக்குக் கம்பெனி கடைசியில் என்ன பெயர் வைத்தது என்று அத்தான் கேட்டார். தொழில்முறை ஆர்வம். டாக்டர் பேனாவை மூடினார். "பேர் வைக்கல. நிறுத்திட்டாங்க. நிறையப் பேருக்கு இதயத்தை அடிச்சிடுச்சு. நம்ம வார்டிலும் உங்ககூடப் போட்டுக்கிட்டவங்க யாரும்..." என்று சொல்லி, வாக்கியத்தை அங்கேயே விட்டுவிட்டார்.

பக்கத்துக் கட்டில்களில் இருந்து "காட்டேரி வந்துடுச்சா?" என்று கேட்ட குரல்கள் எனக்கு நினைவுக்கு வந்தன. கடைக்கு வந்ததும் அத்தான் மிச்சமிருந்த சிவப்புச் சேலைகளை மூட்டை கட்டி மாடிக்கு ஏற்றச் சொன்னார்.

ஆனாலும் கேட்டுக்கொண்டே வந்தார்கள். இரண்டு மூன்று தீபாவளிக்குப் பிறகுகூட, பெசன்ட் நகரிலிருந்து ஓர் அம்மாள் பழைய சேலையின் ஓரத்தைக் கத்தரித்து எடுத்துக்கொண்டு வந்து, "இந்தக் காட்டேரி இன்னொண்ணு வேணுமே" என்று நின்றாள். விற்பனையாளர் முதலாளியைப் பார்த்தார். நானும் பார்த்தேன். அத்தான் அந்தத் துண்டை வாங்கி, ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, வெகுநேரம் பார்த்தார்.

"அது நின்னு போச்சும்மா" என்றார். "கடைசிப் பீசு நான்தான்."

அம்மாள் விற்பனையாளரைப் பார்த்து, பெரியவருக்குச் சரியில்லையோ என்பதுபோல் கையைத் திருப்பிக் காட்டினாள். அவர் வாய்க்குள் சிரித்துவிட்டார். அத்தான் கஜக்கோலைத் தேடினார். தோள்பட்டையை ஏற்றிக்கொண்டு விற்பனையாளர் ஓட, நான் வழக்கம்போல் குனிந்துகொண்டேன்.